நெல்லுக்குப் பகை, ஏரிக்குத் துணை

1953-இல் கலிபோர்னியாவின் நெல் வயல்களில் ஒரு சின்னஞ்சிறு ஈ பெருஞ்சேதம் செய்தது. அங்கே நாற்று நடும் வழக்கம் இல்லை. நீர் தேக்கிய வயலின் மேல் விமானத்தில் பறந்தபடி விதை தூவுவார்கள். முளைத்து எழும் இளம் இலைகள் சில நாட்கள் நீர்ப்பரப்பில் படுத்தே கிடக்கும். ஹைட்ரெல்லியா கிரிசியோலா என்ற அந்த ஈ முட்டையிடத் தேடியது அந்த இலைகளைத்தான். முட்டையிலிருந்து வரும் புழு, இலையின் மேல்தோலுக்கும் கீழ்த்தோலுக்கும் நடுவே நுழைந்து உள்ளிருக்கும் பசுமையைத் தின்றுவிடும். பூச்சிமருந்து அடித்தார்கள். வயலில் நீரைக் குறைத்ததும் பலன் தந்தது: நீர் குறைந்தால் பயிர் விரைவில் நிமிரும், நிமிர்ந்த இலையை இந்த ஈ அவ்வளவாக நாடாது.

ஆசிய வயல்களில் இதன் உறவினம் ஒன்று இருக்கிறது. 1968-இல் பிலிப்பைன்ஸில் விவரிக்கப்பட்டதால் ஹைட்ரெல்லியா பிலிப்பினா என்று பெயர், இந்தியாவிலும் உண்டு. இதன் புழு, குருத்தில் இன்னும் விரியாத இலையின் ஓரத்தை அரிக்கும். இலை விரியும்போது ஓரம் வெளுத்து, கிழிந்து தெரியும். நட்ட முதல் மாதத்தில் இதைப் பார்க்கும் விவசாயி பதறுவது இயல்பு. ஆனால் பயிர் தூர் கட்டிப் புது இலை விட்டு, அந்த இழப்பைப் பெரும்பாலும் ஈடுகட்டிவிடும். பயிர் அடர்ந்து நீரை மறைத்ததும் ஈயும் விலகிவிடும். பார்த்தவுடன் மருந்துக் கடைக்கு ஓட வேண்டிய பூச்சி அல்ல இது. இடையிடையே சில நாட்கள் வயலை வடியவிட்டாலே பெரிதும் அடங்கும்.

நெல்லுக்குத் தொல்லையான இதே பேரினத்தின் இன்னொரு ஈயைத்தான் அமெரிக்கா கடல் கடந்து தேடிப் பிடித்து, வளர்த்து, தன் ஏரிகளில் பறக்கவிட்டது. காரணம் ஹைட்ரில்லா. பள்ளி ஆய்வகத்தில் கவிழ்த்த புனலுக்குள் இருந்து ஆக்சிஜன் குமிழி விடுமே, அதே நீர்ச்செடி.

1950-களின் தொடக்கத்தில் மீன்தொட்டிச் செடியாக அது இலங்கையிலிருந்து புளோரிடாவுக்குப் போனது. தாம்பா நகர வியாபாரி ஒருவர் வந்த சரக்கு பிடிக்காமல் அதைக் கால்வாயில் போட்டார். சில ஆண்டுகளில் கால்வாய் நிறையச் செழித்திருந்தது. விற்பனைக்காக மயாமிக்கும் கொண்டுபோனார்கள். 1960-இல் மயாமிக் கால்வாய் ஒன்றிலும் கிரிஸ்டல் ரிவரிலும் அது தானாகப் பரவியிருப்பது தெரியவந்தது. புளோரிடாவுக்குப் போனவை பெண் செடிகள் மட்டுமே. விதையே வேண்டியிருக்கவில்லை: ஒடிந்த தண்டு ஒவ்வொன்றும் ஒரு புதுச் செடி, சேற்றுக்குள் கிழங்கு வேறு. படகின் விசிறியில் சிக்கிய துண்டுகளே அதை ஏரிவிட்டு ஏரிக்குக் கொண்டுபோயின. 1990-களின் நடுவில் அம்மாநிலத்தில் சுமார் 1 லட்சம் ஏக்கர் நீர்ப்பரப்பில் அது இருந்தது.

தாயகத்தில் இந்தச் செடியைத் தின்பவை எவை என்ற தேடல் 1970-களில் பாகிஸ்தானில் நடந்தது. அங்கே கிடைத்த ஓர் ஈக்கு 1978-இல் ஹைட்ரெல்லியா பாகிஸ்தானே என்று பெயர் வைத்தார் பூச்சியியலாளர் டியோனியர். ஆனால் புளோரிடாவின் கெய்ன்ஸ்வில் தனிமைக் காப்பகத்துக்கு 1985-இல் போன ஈக்கள் பெங்களூரில் பிடித்தவை. நெல்லைத் தின்னும் உறவினங்கள் உள்ள ஈ என்பதால், வேறு எந்தச் செடியில் வளரும் என்று பார்க்காமல் வெளியே விட முடியாது. சோதனையில் அது ஏறக்குறைய ஹைட்ரில்லாவை மட்டுமே நம்பி வாழ்வது உறுதியானது. 1987-இல் புளோரிடாவின் பேட்ரிக் ஏரியில் முதல் ஈக்கள் விடப்பட்டன. இரண்டு ஆண்டு கழித்து, ஆஸ்திரேலியாவில் கிடைத்த ஹைட்ரெல்லியா பால்சியுனாசியும் வந்து, டெக்சாஸில் நிலைகொண்டது.

ஒரு புழு தன் வாழ்நாளில் பத்து இலைகளைப் போல உள்ளே குடைந்து வெறும் தோலாக்கிவிடும். கூட்டுப்புழு ஆகும்போது தண்டோரம் ஒட்டிக்கொண்டு, முள் போன்ற குழாயைத் தண்டில் செருகி, செடிக்குள் இருக்கும் காற்றையே மூச்சாக இழுக்கும். புழுக்கள் பெருகிய இடத்தில் செடியின் உணவாக்கம் குறைந்து, மிதக்கும் மெத்தை இளகுகிறது.

ஆனாலும் ஏரிகள் அதனால் மட்டும் தெளிந்துவிடவில்லை. சேற்றுக்குள் ஆண்டுக்கணக்கில் உயிரோடு கிடக்கும் கிழங்கை ஈயால் தொட முடியாது. கிழங்கைத் தின்னும் கூன்வண்டு ஒன்றையும் இந்தியத் துணைக்கண்டத்திலிருந்து 1987-இல் கொண்டுபோய் விட்டார்கள். அது நிலைக்கவில்லை. நம் பக்கத்துக் குளங்கள் கோடையில் வற்றும். வெடித்த சேற்றில்தான் அந்த வண்டின் புழு இறங்கிக் கிழங்கை அடையும். ஆண்டு முழுதும் நீர் நிற்கும் புளோரிடா ஏரியில் அதற்கு வழியே இல்லை. வண்டைப் பெட்டியில் அனுப்பலாம், கோடையை அனுப்ப முடியாதே! போதாக்குறைக்கு, அந்த ஊர்க் குளவி ஒன்று ஈயின் கூட்டுப்புழுவுக்குள் முட்டையிடப் பழகிக்கொண்டது. இன்னொரு பக்கம், பல ஆண்டுகள் நம்பியிருந்த ஃபுளூரிடோன் களைக்கொல்லியைத் தாங்கும் ஹைட்ரில்லா 2000 வாக்கில் தலையெடுத்தது.

யாரும் காசு செலவழிக்காமலேயே அந்த ஈ இன்றும் புளோரிடாவில் தன் வேலையைச் செய்துகொண்டிருக்கிறது. அந்த அளவில் அது வெற்றிதான். ஆனால் களைக்கொல்லிக்கும், செடியைத் தின்னும் புல்கெண்டை மீனுக்குமான செலவு ஓயவில்லை. தென் அமெரிக்காவிலிருந்து அழகுச் செடியாக வந்த ஆகாயத்தாமரை நம் ஏரிகளை மூடிக்கிடப்பதும் இதே வகைக் கதை. மீன்தொட்டி வைத்திருப்பவர்கள் வேண்டாத செடியை வாய்க்காலிலோ குளத்திலோ போட வேண்டாம். நன்றாக வெயிலில் காயவைத்துப் புதைத்துவிடுங்கள்.