நேரத்துக்கு ஒரு திருநாள்

ஜப்பானின் பிவா ஏரிக்கரையில் உள்ளது ஓட்சு நகரம். அங்குள்ள ஓமி ஆலயத்தில் ஆண்டுதோறும் ஜூன் 10 அன்று விநோதமான ஒரு படையல் நடக்கும். பழங்கால அரசவை உடையில் ஊர்வலமாக வருபவர்கள் தெய்வத்தின் முன் வைப்பது புத்தம்புதுக் கடிகாரங்களை. கடிகார நிறுவனங்கள் செலுத்தும் காணிக்கை அது. தெய்வமாக அமர்ந்திருப்பவர் ஏழாம் நூற்றாண்டில் ஆண்ட தென்ஜி பேரரசர்.

பார்ப்பவருக்கு ஆயிரம் ஆண்டு வழக்கம் போலத் தோன்றும். ஆலயம் எழுந்ததே 1940இல்தான். ஜூன் 10இல் வரும் 'நேர நினைவு நாள்' என்ற கொண்டாட்டம் அதைவிட இருபது வயது மூத்தது, அவ்வளவுதான்.

பழையது அதற்குப் பிடித்த ஆதாரம் மட்டும். 720இல் முடிக்கப்பட்ட 'நிஹோன் ஷோகி' என்ற வரலாற்று நூல், தென்ஜி இளவரசராக இருந்தபோது, 660இல், மக்கள் நேரம் அறிவதற்காக நீர்க்கடிகாரம் ஒன்றைச் செய்தார் என்கிறது. அசுகா பகுதியின் மிசுவோச்சி என்ற இடத்தில் 1981இல் நடந்த அகழாய்வில் செப்புக் குழாய்களும் மர வாய்க்கால்களும் கிடைத்தன. அந்தக் கடிகாரம் இருந்த இடம் அதுவே என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். அரியணை ஏறிய பின் 671இல், புதிய தலைநகரான ஓட்சுவில் நீர்க்கடிகாரத்தை நிறுவி மணியும் முரசும் ஒலிக்கச் செய்தார் தென்ஜி. சில மாதங்களில் அவர் இறந்தார். அடுத்த ஆண்டே வாரிசுப் போர் மூண்டு ஓட்சு கைவிடப்பட்டது. இத்தனை பெருமைக்கும் காரணமான கடிகாரம் அந்த ஊரில் ஓடியது சுமார் ஒரு வருடம்!

அதன் பிறகு ஜப்பானியர் கடிகாரமும் கையுமாக வாழ்ந்தார்கள் என்று நினைத்துவிட வேண்டாம். பல நூற்றாண்டு கழித்து வந்த எடோ காலத்தில்கூடப் பகலை ஆறு கூறு, இரவை ஆறு கூறு என்று பிரித்தார்கள். கோடையில் பகல் நீள்வதால் பகற்கூறு ஒன்று இரண்டரை மணி நேரத்தையும் தாண்டும். குளிர்காலத்தில் இரண்டு மணி நேரம்கூடத் தேறாது. நேரத்தை அறிவித்தது கோயில் மணி. கவனத்தை இழுக்க முதலில் மூன்று அடி, பிறகு நேரத்துக்கான எண்ணிக்கை. நண்பகலுக்கு ஒன்பது, அடுத்து எட்டு, ஏழு என்று இறங்கி நான்கில் நிற்கும். நள்ளிரவில் மறுபடி ஒன்பது. ஒன்று, இரண்டு, மூன்று மணிக்கு அங்கே வேலையே இல்லை.

1551இல் பிரான்சிஸ் சேவியர் ஒரு சிற்றரசருக்கு ஐரோப்பியக் கடிகாரத்தைப் பரிசளித்தார். ஜப்பானியக் கைவினைஞர்கள் அந்தத் தொழில்நுட்பத்தைக் கற்றார்கள். ஆனால் கடிகாரத்துக்காகத் தங்கள் நேரத்தை மாற்றவில்லை, தங்கள் நேரத்துக்கேற்பக் கடிகாரத்தை வளைத்தார்கள். பகலுக்கு ஒரு வேகம், இரவுக்கு ஒரு வேகம் என்று தானே மாறும்படி இரட்டைத் துலாக்கோல் வைத்த கடிகாரங்களைச் செய்தார்கள். ஐரோப்பாவில் அப்படி ஒன்று தேவைப்படவே இல்லை. இந்தக் கதையில் மிக அழகான பகுதி இதுதான். விழாக்காரர்கள் அதிகம் பேசாத பகுதியும் இதுதான்.

1857 முதல் 1859 வரை நாகசாகியில் கடற்படைப் பயிற்சி அளித்த டச்சு அதிகாரி கட்டென்டைக், ஜப்பானியரின் நேரந்தவறலைக் கண்டு நொந்துபோனார். கடல் ஏற்றத்துக்கு வந்து சேர வேண்டிய கட்டுமானப் பொருள் வராது என்று தன் குறிப்புகளில் புலம்பியிருக்கிறார். இன்று ரயில் ஒரு நிமிடம் பிந்தினால் மன்னிப்புக் கேட்கும் நாட்டைப் பற்றிய சாட்சியம் இது.

மாற்றம் மேலிருந்து வந்தது, அதுவும் அவசரமாக. 1872 கடைசியில் மெய்ஜி அரசு, ஒரு மாதம்கூட அவகாசம் தராமல், பழைய நாட்காட்டியை ஒழிப்பதாக அறிவித்தது. பன்னிரண்டாம் மாதம் இரண்டாம் தேதிக்கு மறுநாள் 1873 ஜனவரி 1 ஆனது. நாளும் 24 சம மணிகளாகப் பிரிக்கப்பட்டது. பழைய கணக்கில் அடுத்த ஆண்டு பதின்மூன்று மாதம், கஜானாவோ காலி. ஒரு மாதச் சம்பளம் மிச்சமாகும் என்ற கணக்கும் இந்த அவசரத்தில் இருந்தது. 1888இல் நாடு முழுமைக்கும் ஒரே நேரம் வந்தது. அகாஷி நகரின் வழியே செல்லும் 135 பாகை கிழக்குத் தீர்க்கரேகை அதற்கு அடிப்படை.

சட்டம் மாறினாலும் பழக்கம் லேசில் மாறுமா? முதல் உலகப் போருக்குப் பின், மேலை நாடுகளின் உழைப்புத் திறனுக்கு ஈடுகொடுக்கத் துடித்த அதிகாரிகள் 1920இல் 'வாழ்க்கைச் சீர்திருத்தக் கூட்டமைப்பு' ஒன்றைத் தொடங்கினார்கள். உணவு, உடை, விருந்துபசாரம் எல்லாவற்றிலும் விரயத்தைக் குறைப்பது நோக்கம். நேரமும் அந்தப் பட்டியலில் சேர்ந்தது. அதே ஆண்டு மே மாதம் டோக்கியோ கல்வி அருங்காட்சியகத்தில் நேரத்தைப் பற்றிய கண்காட்சி திறக்கப்பட்டது. ஜூலை தொடக்கம் வரை இரண்டு லட்சத்துக்கும் அதிகமானோர் பார்த்தார்கள். கண்காட்சி நடக்கும்போதே ஜூன் 10 அன்று முதல் 'நேர நினைவு நாள்' கொண்டாடப்பட்டது.

ஏன் ஜூன் 10? ஓட்சுவில் நீர்க்கடிகாரம் முதலில் ஒலித்தது பழைய சந்திர நாட்காட்டியின் நான்காம் மாதம் 25ஆம் நாள். அதைக் கிரிகோரியன் கணக்குக்கு மாற்றினால் ஜூன் 10 வரும். கிரிகோரியன் நாட்காட்டி பிறந்தது 1582இல். அதைத் தொள்ளாயிரம் ஆண்டு பின்னுக்கு இழுத்துப்போய் 671இன் மேல் போர்த்தினார்கள். புத்தம்புதுத் தொழிற்சாலை ஒழுங்குக்குப் பேரரசர் ஒருவரின் கைராசி தேவைப்பட்டது.

நேரந்தவறாமை ஜப்பானியரின் ரத்தத்தில் ஊறியது என்று நம் மேடைப் பேச்சாளர்கள் சொல்வதை இனி நம்ப வேண்டியதில்லை. ரயில் அட்டவணை, பள்ளி மணி, ஆலைச் சங்கு, சுவரொட்டி, கூடவே ஒரு விழா என்று சில பத்தாண்டுகளில் ஊட்டப்பட்ட பழக்கம் அது. ஓமி ஆலய வளாகத்தில் இன்று ஒரு கடிகார அருங்காட்சியகம் இருக்கிறது. அங்குள்ள நீர்க்கடிகாரத்தைக் காணிக்கையாகத் தந்தது சுவிட்சர்லாந்தின் ஒமேகா நிறுவனம். ஜூன் 10 அங்கே அரசு விடுமுறை அல்ல. அன்றும் எல்லோரும் நேரத்துக்கு வேலைக்குப் போயாக வேண்டும்.