கமிஷன்: யார் கொடுத்த அதிகாரம்?

காய்கறி மார்க்கெட்டில் கமிஷன் மண்டி வைத்திருப்பவர், மாநகரப் போலீஸ் கமிஷனர், ராணுவத்தில் கமிஷன் பெற்ற லெப்டினன்ட், விசாரணைக் கமிஷனில் உட்காரும் ஓய்வுபெற்ற நீதிபதி. நாலு பேரும் ஒரே சொல்லை வைத்துத்தான் வாழ்கிறார்கள். "அந்தக் கான்ட்ராக்ட்ல எத்தனை பர்சென்ட் கமிஷன்?" என்று நாம் கேட்கும்போது வருவது ஐந்தாவது அர்த்தம். நம்மூர்ப் பேச்சில் முதலில் ஞாபகத்துக்கு வருவதும் அதுதான்.

இவ்வளவும் ஒரே சொல்லுக்குள் எப்படி வந்தன?

மூலம் லத்தீன். 'கொமித்தெரே' என்றால் ஒப்படைத்தல். கமிட்டியும் இதே குடும்பம்தான். இங்கிலாந்து அரசர் எல்லா இடத்துக்கும் தானே போக முடியாது. "இன்ன காரியத்தை என் பெயரால் இவர் செய்யலாம்" என்று எழுதி முத்திரை வைத்து ஒருவரை அனுப்புவார். அந்தக் காகிதம் கமிஷன், அதைக் கையில் வைத்திருப்பவர் கமிஷனர். பல பேரிடம் சேர்த்து ஒப்படைத்தால் அந்தக் குழுவுக்கும் கமிஷன் என்றே பெயர். வியாபாரியும் இதையே செய்தார். சரக்கை ஏஜென்டிடம் ஒப்படைத்தார். ஒப்படைத்த வேலைக்குக் கமிஷன் என்று பெயர் இருந்தது, பிறகு அந்த வேலைக்கான கூலிக்கும் அதே பெயர் வந்தது. ஆக, தரகும் அதிகாரமும் ஒரே விதையில் முளைத்தவை. இரண்டிலுமே கையில் இருப்பது அடுத்தவர் பொருள். அதனால் எந்தக் கமிஷனைப் பார்த்தாலும் கேட்க வேண்டியது: கொடுத்தது யார், எதற்காக, எதுவரைக்கும்?

ராணுவத்தில் இந்தக் கேள்விக்கு என்ன மதிப்பு என்று பார்க்கலாம். பிரிட்டிஷ் காலாட்படையிலும் குதிரைப்படையிலும் 1871 வரை அதிகாரிப் பதவியைக் காசு கொடுத்தே வாங்கலாம். அரசு நிர்ணயித்த விலைப்பட்டியலே இருந்தது. சாதாரணக் காலாட்படையில் கடைநிலை அதிகாரியான என்சைன் பதவி 450 பவுண்டு, லெப்டினன்ட் கர்னல் பதவி 4,500 பவுண்டு. அரசரின் நம்பிக்கைக்கு அடையாளமான காகிதம், விற்று வாங்கும் சொத்தாக இருந்தது. பீரங்கிப் படையிலும் பொறியாளர் பிரிவிலும் மட்டும் இது கிடையாது. அங்கே வேலை தெரியாதவரை வைத்துக்கொண்டு சமாளிக்க முடியாது, இல்லையா?

இந்தியாவில் கதை வேறு. இங்கே காசு இருந்தாலும் வாங்க முடியாது. இந்தியச் சிப்பாய் முப்பது வருஷம் உழைத்து ஜமேதார், சுபேதார், சுபேதார் மேஜர் வரை வரலாம். அவருக்குக் கிடைப்பது வைஸ்ராயின் கமிஷன். லண்டனிலிருந்து வரும் இளைஞருக்குக் கிடைப்பது அரசரின் கமிஷன். சொல் ஒன்றுதான், கையெழுத்து வேறு. நரைத்த மீசையும் நெஞ்சு நிறையப் பதக்கமும் உள்ள சுபேதார் மேஜர், நேற்று வந்த பத்தொன்பது வயது செகண்ட் லெப்டினன்டுக்குக் கீழே. ஒரு வெள்ளைக்காரச் சிப்பாய்க்குக்கூட அவர் உத்தரவு போட முடியாது. இத்தனைக்கும் சுபேதார் என்பது மொகலாயர் காலத்தில் ஒரு மாகாணத்தையே ஆண்டவரின் பதவிப்பெயர். பெயரை வைத்துக்கொண்டு அதிகாரத்தை எப்படிக் கரைக்கலாம் என்பதற்கு இதைவிட நல்ல உதாரணம் கிடைக்காது.

முதல் உலகப் போரில் இந்திய வீரர்கள் ஆயிரக்கணக்கில் செத்த பிறகு, 1917ல்தான் அரசரின் கமிஷன் இந்தியர்களுக்குத் திறந்தது. அதுவும் சொட்டுச் சொட்டாக. சாண்ட்ஹர்ஸ்ட் கல்லூரியில் வருஷத்துக்குப் பத்து இடம். 1919ல் இந்தூரில் பயிற்சி முடித்து கமிஷன் பெற்றவர்களில் ஒருவர் கரியப்பா. அவர் முதல் இந்தியத் தலைமைத் தளபதி ஆனது 1949 ஜனவரி 15ல். டேராடூனில் 1932ல் ராணுவ அகாடமி திறந்தபோது 'இந்தியக் கமிஷன்' என்று மூன்றாவதாக ஒன்றைக் கொண்டுவந்தார்கள். சம்பளம் சாண்ட்ஹர்ஸ்டிலிருந்து வந்தவரைவிடக் குறைச்சல்.

அடுத்தது விசாரணைக் கமிஷன். நம் பக்கத்தில் இதற்கு முக்கியமான முன்னோடி, 1854ல் சென்னை மாகாணத்தில் அமைத்த சித்திரவதை விசாரணைக் கமிஷன். எலியட், ஸ்டோக்ஸ், நார்ட்டன் என மூன்று பேர். வரி கட்டாத குடியானவர்களைக் கிட்டி போட்டு விரலை நசுக்குவது, குனிய வைத்துக் கட்டி வெயிலில் நிறுத்துவது என்று புகார்கள். 1855ல் அறிக்கை வந்தது. சித்திரவதை நடப்பது உண்மை என்று ஒப்புக்கொண்டது. ஆனால் பழி தாசில்தார், சேவகர்கள் என்ற உள்ளூர் ஆட்கள் தலையில் இறங்கியது. மேலே இருந்த ஐரோப்பிய அதிகாரிகள் இதற்கு உடந்தை இல்லை என்றது அறிக்கை. இவ்வளவு வரி வந்தாக வேண்டும் என்று அந்தத் தாசில்தாரிடம் ஒப்படைத்தது யார்? கமிஷனை அனுப்பிய அதே அரசுதான். ஒப்படைத்தவரையே விசாரிக்கும் துணிச்சல் கமிஷனுக்கு அவ்வளவு லேசில் வராது. இருந்தாலும் பலன் இல்லாமல் போகவில்லை. வரி வசூலும் போலீஸ் வேலையும் ஒரே கையில் இருந்த நிலை மாறி, 1859ல் தனிப் போலீஸ் சட்டம் வந்தது.

1927ல் சைமன் கமிஷனை நியமித்தபோது சண்டை வெளிப்படையாகவே இதைப் பற்றித்தான். ஏழு பேரில் ஒரு இந்தியர்கூட இல்லை. எங்கள் நாட்டைப் பற்றி முடிவு சொல்லும் வேலையை உங்களிடம் ஒப்படைத்தது யார் என்பதே கறுப்புக்கொடியின் கேள்வி.

சுதந்திரத்துக்குப் பிறகு 1952ல் விசாரணைக் கமிஷன் சட்டம் வந்தது. சாட்சியைக் கூப்பிடலாம், ஆவணம் கேட்கலாம். தண்டிக்க முடியாது. அதன் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தவும் செய்யாது. 1958ல் டால்மியா வழக்கில் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகவே சொல்லிவிட்டது. "கமிஷன் போட்டாச்சு, இனி நியாயம் கிடைச்சிடும்" என்று நம்பி உட்கார்ந்திருக்கும் குடும்பங்களுக்கு இதை யாரும் முன்கூட்டிச் சொல்வதில்லை. பல வருஷம் கழித்து அறிக்கை வந்த பிறகே தெரிகிறது.

இதில் நம் தமிழுக்கும் ஒரு பங்கு உண்டு என்று நினைக்கிறேன். ஆட்சித்தமிழில் கமிஷனை ஆணையம் என்றும், கமிஷனரை ஆணையர் என்றும் ஆக்கினோம். நல்ல சொற்கள்தான், நிலைத்தும் விட்டன. ஆனால் மூலத்தில் இருந்த 'ஒப்படைத்தல்' இதில் காணாமல் போய்விட்டது. ஆணை என்றதும் உத்தரவு போடுகிற ஆள்தான் கண்ணுக்குத் தெரிகிறார். அவர் உத்தரவு வாங்கி வந்தவர் என்பது மறைந்துவிடுகிறது. விசாரணை ஆணையம் என்று கேட்கும்போது அதற்கு இல்லாத அதிகாரம் இருப்பதாகத் தோன்றுவதற்கு இந்தப் பெயரும் ஒரு காரணமாக இருக்கலாம்.

பழைய பொருள் கொஞ்சமும் கெடாமல் இருக்கிற இடம் கமிஷன் மண்டிதான். அங்கே குவிந்திருக்கும் தக்காளி தன்னுடையது இல்லை என்று மண்டிக்காரருக்குத் தெரியும். விவசாயிக்கும் தெரியும். விற்ற காசுக்குச் சாயங்காலம் கணக்குக் கேட்கவும் ஆள் வந்து நிற்கும்.