கனவுக்கு ஒரு கெடு தேதி

சித்தப்பா பையன் ஒருத்தன் ஃபேன்டஸி நாவல் எழுதிட்டு இருக்கான். அவன் உலகத்தில் சூரியனும் கிடையாது, நிலாவும் கிடையாது. நாள், மாதம், வருஷம் எல்லாமே கனவை வைத்துத்தான் கணக்கு. "இதுக்கு முன்னாடி யாராவது இப்படி யோசிச்சிருக்காங்களாண்ணே?" என்று கேட்டான். விழுப்புரம் மாவட்டத்தை விட்டு ரொம்ப தூரம் போகாமலே பதில் சொல்லலாம் என்று தோன்றியது. அப்போது எடுத்த குறிப்புகள்தான் இவை.

முதல் சாட்சி எங்க ஆயா. திண்டிவனத்தில் அவங்க வீட்டில் காலையில் எழுந்து யாராவது "ஒரு கனவு கண்டேன்" என்று ஆரம்பித்தால், என்ன கனவு என்று கேட்க மாட்டாங்க. "எந்த சாமத்துல?" என்பதுதான் முதல் கேள்வி.

இந்தக் கேள்விக்குப் பின்னால் ஒரு பழைய கணக்கு இருக்கிறது. பொன்னவன் பேரில் வழங்கும் 'கனாநூல்' என்ற சின்னத் தமிழ்நூல் அதைச் சொல்கிறது. இரவுக்கு 30 நாழிகை, நாலு சாமம். ஒரு சாமம் ஏழரை நாழிகை, அதாவது நம்ம கடிகாரத்தில் 3 மணி நேரம். முதல் சாமத்தில் கண்ட கனவு ஒரு வருஷத்தில் பலிக்கும். இரண்டாம் சாமம் என்றால் 8 மாதம், மூன்றாம் சாமம் என்றால் 3 மாதம். விடியலை ஒட்டிய கடைசி சாமத்துக் கனவுக்கு 10 நாள்தான். பஞ்சாங்கங்களில் 'கனவு காணும் பலன்' என்று வருவதும் ஏறக்குறைய இதுதான்.

இதை மூடநம்பிக்கை என்று தள்ளிவிடுவது சுலபம். ஆனால் அமைப்பைப் பாருங்க. யானை கண்டால் என்ன, பாம்பு கண்டால் என்ன என்கிற பட்டியல் உலகம் முழுக்க இருக்கிறது. இரண்டாம் நூற்றாண்டில் ஆர்டெமிடோரஸ் என்ற கிரேக்கர் அப்படி ஐந்து புத்தகமே எழுதி வைத்தார். இங்கே கனவு ஒரு கடன் சீட்டு மாதிரி. அதில் கெடு தேதி போட்டிருக்கிறது, அந்தத் தேதி கனவு வந்த நேரத்தைப் பொறுத்தது. விடியலை நெருங்க நெருங்க தவணை குறைகிறது. தம்பிக்கு வேண்டிய நாள்காட்டியில் பாதி இங்கேயே கிடைத்துவிட்டது.

சிலப்பதிகாரத்தில் கோவலன் மதுரையில் தன் கனவைச் சொல்கிறான். கூறை பறிக்கப்பட்டு எருமை மேல் போவதாகவும், மாதவி தன் மகள் மணிமேகலையைப் புத்தர் முன்னால் ஒப்படைப்பதாகவும் கண்டிருக்கிறான். சொல்லும்போதே, இருள் செறிந்த சாமத்தில் கண்டது, சீக்கிரமே நடக்கும் என்று நேரத்தையும் கெடுவையும் சேர்த்தே சொல்கிறான். மறுநாளே கொலைப்படுகிறான். அது நடுச்சாமம் என்று எடுத்துக்கொண்டால் கனாநூல் கணக்கு இடிக்கும், 3 மாதம் இருந்திருக்க வேண்டும். விடியலுக்கு முந்தைய இருட்டு என்று எடுத்தால் பத்து நாளுக்குள் அடங்கிவிடும். எனக்கு இரண்டாவதுதான் சரியாகப் படுகிறது. அவன் அவசரம் அப்படி.

சரி, இதெல்லாம் தவணைக் கணக்கு. நாள்காட்டியிலேயே ஒரு கனவுக்குத் திதி குறித்து வைத்திருக்கிறார்களா? வைத்திருக்கிறார்கள். அதுவும் செஞ்சிக்குப் பக்கத்திலேயே.

செஞ்சியை ஒட்டிய திருநாதர்குன்றில் ஒரு பெரிய பாறை. அதில் 24 தீர்த்தங்கரர்களும் இரண்டு வரிசையாகச் செதுக்கப்பட்டிருக்கிறார்கள். அதே குன்றில்தான் 57 நாள் உண்ணாமல் நோற்று உயிர் நீத்த சந்திரநந்தியின் கல்வெட்டும் இருக்கிறது. திண்டிவனம், செஞ்சி, வந்தவாசி சுற்றுவட்டாரத்தில் நயினார் என்று அழைக்கப்படும் தமிழ்ச் சமணர்கள் இன்னும் விவசாயம் பார்த்துக்கொண்டு வாழ்கிறார்கள். அவர்களுடைய மடம் மேல்சித்தாமூரில்.

சமணத்தில் ஒவ்வொரு தீர்த்தங்கரருக்கும் ஐந்து கல்யாணங்கள், அதாவது ஐந்து மங்கல நிகழ்ச்சிகள்: கருவுற்றது, பிறந்தது, துறந்தது, முழுஞானம் பெற்றது, வீடுபேறு அடைந்தது. ஐந்துக்கும் திதி உண்டு. 24 பேருக்கு 120. முதலாவதான கர்ப்ப கல்யாணம் என்பது தாய் கனவு கண்ட இரவு. யானை, எருது, சிங்கம், நிலா, சூரியன், தாமரைக் குளம், புகையில்லாத நெருப்பு என்று 16 கனவுகள். சுவேதாம்பரர் கணக்கில் 14. ஆக, அந்தப் பாறையில் இருக்கும் ஒவ்வொருவருக்கும் ஒரு கனவு இரவு, மொத்தம் 24.

மகாவீரருக்கு அது ஆஷாட வளர்பிறை சஷ்டி. பிறந்தது சைத்ர வளர்பிறை திரயோதசி, நமக்கு அரசு விடுமுறை விடும் மகாவீர் ஜெயந்தி. விரல் விட்டு எண்ணிப் பாருங்க: ஒன்பது மாதம், ஏழு நாள். கனவும் பிரசவமும் கச்சிதமாகக் கணக்கு ஒத்துப்போகிறது. மரபுக்கணக்குப்படி கனவு கிமு 600, பிறப்பு கிமு 599.

ஆனால் ஆண்டு எண்ணிக்கையை அவர்கள் கனவிலிருந்து தொடங்கவில்லை. வீர நிர்வாண ஆண்டு மகாவீரர் மறைந்த கிமு 527 தீபாவளி அமாவாசையிலிருந்து ஆரம்பிக்கிறது. 2024 தீபாவளி கழிந்ததும் 2551 பிறந்தது. நான் இதை இப்படிப் புரிந்துகொள்கிறேன்: கனவுக்குச் சாட்சி ஒரே ஒரு ஆள், அதுவும் தூங்கிட்டு இருந்த ஆள். மரணத்தை ஊரே பார்க்கும். விழா எடுக்கக் கனவு போதும், ஊர் மொத்தமும் ஒத்துக்கொள்கிற கணக்குக்கு அது போதாது. தம்பியின் நாவலில் பெரிய ஓட்டை இங்கேதான். அவன் உலகத்தில் யார் கனவு கண்டால் தேதி மாறும்? ராஜாவா, பூசாரியா, தெருவில் படுத்திருக்கிறவனா? அதைச் சொல்கிறவன் கையில்தான் அதிகாரம் இருக்கும்.

அதிகாரம் என்றதும் திரும்ப ஆயாதான். தாத்தா ஆஸ்பத்திரியில் கிடந்த வருஷம், ஆயாவுக்கு ஒரு கெட்ட கனவு. என்ன கனவு என்று கடைசி வரை யாரிடமும் சொல்லவில்லை. கோழி கூவுற நேரத்தில் எழுந்து உட்கார்ந்ததை அம்மா பார்த்திருக்காங்க. காலையில் ஆயா தேதி கிழிக்கிற காலண்டரில் பத்தாவது தாளைத் தேடி மூலையை மடிச்சு வெச்சாங்க. கொஞ்ச நேரம் அதையே பார்த்துட்டு நின்னவங்க, மடிப்பைப் பிரிச்சு நகத்தால் தேய்ச்சு நேராக்கிட்டு அம்மாகிட்ட சொன்னாங்களாம்: "விடியக்காலம் இல்லடி. படுத்த உடனே கண்டது. மொத சாமம்."

தாத்தா அதுக்கப்புறம் ஒரு பொங்கல் பார்த்தார்.