பென்சன் வழக்கில் ஜெயித்தும் பணம் வரலையா? கோர்ட்டு அவமதிப்பு வழக்கு எதுவரை கைகொடுக்கும்?

"கேஸ் ஜெயிச்சாச்சு, இனி பணம் வந்துடும்" என்று ஸ்வீட் கொடுத்து கொண்டாடிய ஓய்வு பெற்ற ஊழியர்கள் நிறைய பேர். மாதங்கள் ஓடும். பணம் வராது. "கோர்ட்டு அவமதிப்பு வழக்கு போடுங்க, அதிகாரி தானா ஓடி வருவார்" என்று டீக்கடையில் ஒருத்தர் யோசனை சொல்வார். ஆனால் அந்த வழக்குக்கும் ஒரு எல்லை உண்டு. அதன் விவரம் வருமாறு:-

என்ன தண்டனை?

1971-ம் ஆண்டு சட்டப்படி, கோர்ட்டு உத்தரவை வேண்டுமென்றே மீறினால்தான் அவமதிப்பு. அதிகபட்சம் 6 மாத சாதாரண சிறை அல்லது 2 ஆயிரம் ரூபாய் அபராதம், அல்லது இரண்டும் விதிக்கலாம். அபராதம் அரசு கஜானாவுக்கு போகும். பென்சன்தாரர் கைக்கு ஒரு பைசா வராது. அதிகாரி மன்னிப்பு கேட்டு, கோர்ட்டு அதை ஏற்றுக்கொண்டால் தண்டனையும் இல்லாமல் போகலாம்.

"பரிசீலிக்கவும்" என்றால்...

பலர் ஏமாறும் இடம் இதுதான். உதாரணத்துக்கு, தற்காலிகமாக வேலை பார்த்த 8 வருஷத்தையும் பென்சனுக்கு சேர்க்கணும் என்று ஒரு வாட்ச்மேன் ரிட் மனு போடுகிறார். "அவரது கோரிக்கையை பரிசீலித்து 8 வாரத்துக்குள் முடிவு எடுக்கவும்" என்று ஐகோர்ட்டு உத்தரவு போடுகிறது. கடைசி வாரத்தில் "விதிப்படி இடமில்லை" என்று அதிகாரி ஒரு தாள் அனுப்புகிறார். அவ்வளவுதான். பரிசீலிக்க சொன்னார்கள், பரிசீலித்து விட்டார். அவமதிப்பு இல்லை. அந்த தாளை எதிர்த்து புதுசா வழக்கு போட வேண்டியதுதான்.

ராஜஸ்தான் பணிமூப்பு பட்டியல் வழக்கு ஒன்றில் 1996-ம் ஆண்டு சுப்ரீம் கோர்ட்டு இதை தெளிவாக சொல்லி விட்டது. உத்தரவுப்படி ஒரு முடிவு எடுத்து விட்டால், அது சரியா தப்பா என்று அவமதிப்பு வழக்கில் பார்க்க முடியாது.

சென்னை ஐகோர்ட்டில் நடந்த ஓ.என்.ஜி.சி. ஊழியர்கள் வழக்கிலும் இதே கதிதான். தீர்ப்பில் இல்லாத கூடுதல் பணியிடங்களை உருவாக்கும்படி அவமதிப்பு வழக்கில் போட்ட உத்தரவை 2014-ல் சுப்ரீம் கோர்ட்டு ரத்து செய்தது.

எப்போது கைகொடுக்கும்?

"இத்தனை தேதியில் இருந்து பென்சன், இத்தனை வாரத்துக்குள் நிலுவை" என்று தீர்ப்பில் தெளிவாக இருந்து, கெடு தாண்டியும் கொடுக்காவிட்டால் அவமதிப்பு வழக்கு நல்ல ஆயுதம். கோர்ட்டு ஏற்கனவே தள்ளிய காரணத்தையே திரும்ப எழுதி மறுத்தாலும் அதிகாரிக்கு சிக்கல்தான். "அப்பீல் போட்டிருக்கோம்" என்று வாயால் சொன்னால் மட்டும் போதாது. தடை உத்தரவு வாங்கியிருக்க வேண்டும்.

ஒரு வருஷ கெடு

உத்தரவை மீறிய நாளில் இருந்து ஒரு வருஷத்துக்குள் அவமதிப்பு மனுவை தாக்கல் செய்து விட வேண்டும். "அடுத்த மாசம் பாருங்க" என்று ஆபீசில் சொல்வதை நம்பி, மனு மேல் மனு கொடுத்துக்கொண்டு இருந்தால் கெடு நீளாது. இப்படி கோட்டை விட்டவர்கள் அதிகம்.

செய்ய வேண்டியது என்ன?

* ரிட் மனு போடும்போதே எந்த தேதியில் இருந்து பென்சன், எவ்வளவு நிலுவை, என்ன வட்டி, எத்தனை வாரத்துக்குள் என்று தெளிவாக கேட்கணும்.

* "பரிசீலிக்க சொன்னா போதும்" என்று வக்கீல் சொன்னால், அதன் அர்த்தத்தை கேட்டு தெரிஞ்சுக்கணும்.

* தீர்ப்பு நகல் கிடைத்ததும் அதிகாரிக்கு ஒப்புகை அட்டையுடன் தபாலில் அனுப்பி, ரசீதை பத்திரமா வைக்கணும்.

* கெடு முடியும் நாளை காலண்டரில் குறித்து வைக்கணும்.

* மறுப்பு தாள் வந்தால் அவமதிப்பு வழக்கிலேயே தொங்கிக்கொண்டு இருக்காமல், உடனே அதை எதிர்த்து ரிட் போடணும்.

பென்சன் அரசு போடும் பிச்சை இல்லை, ஊழியரின் உரிமை என்று 1982-ம் ஆண்டு டிசம்பர் 17-ந்தேதி நகாரா வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு சொல்லி விட்டது. ஆனால் அவமதிப்பு வழக்கு, தீர்ப்பில் எழுதி இருப்பதை மட்டும்தான் வாங்கி தரும். எழுதாததை வாங்கி தராது. 60 வயசுக்கு மேல் ஒரு வருஷம் என்பது சின்ன விஷயம் இல்லை. ஆகவே தீர்ப்பின் கடைசி பக்கத்தை ஒரு தடவைக்கு ரெண்டு தடவை படிச்சு பாருங்க.