என்.பி.ஏ. பிளே-ஆப் போட்டிகளின் வரலாறு

அமெரிக்காவின் தொழில்முறைக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வில் ஒவ்வோர் அணியும் ஒரு பருவத்தில் 82 ஆட்டங்கள் ஆடுகிறது. அக்டோபரில் தொடங்கும் இந்த ஆட்டங்கள் ஏப்ரல் வரை நீள்கின்றன. ஆனால் அந்த 82 ஆட்டங்களில் மிகுதியாக வென்ற அணி சாம்பியன் ஆவதில்லை. அதன் பிறகு நடைபெறும் பிளே-ஆப் போட்டிகளே சாம்பியனை முடிவு செய்கின்றன. ஏறத்தாழ இரண்டு மாதங்கள் நடைபெறும் இப்போட்டிகளின் வரலாறு, வெற்றி தோல்விகளின் பட்டியல் மட்டுமன்று. விதிகள் ஏன் மாறின, ஆடும் வீரர்கள் எப்படி நடத்தப்பட்டனர் என்பவற்றையும் அது சொல்கிறது.

தொடக்கம்

என்.பி.ஏ.வின் முன்னோடியான அமெரிக்கக் கூடைப்பந்துச் சங்கம் 1946 சூன் 6 அன்று நியூயார்க் நகரில் தோற்றுவிக்கப்பட்டது. அதைத் தொடங்கியவர்களில் பலர் பெரிய உள்ளரங்குகளின் உரிமையாளர்கள். ஐஸ் ஹாக்கி ஆட்டம் இல்லாத இரவுகளில் அரங்கு காலியாகக் கிடக்கக் கூடாது என்பது அவர்கள் எண்ணம். முதல் பருவத்தில் 11 அணிகள் ஆடின. அவற்றுள் ஆறு அணிகள் பிளே-ஆப் போட்டிக்குத் தகுதி பெற்றன.

முதல் போட்டியின் அமைப்பு இன்றைய வாசகருக்கு வியப்பளிக்கும். ஐஸ் ஹாக்கியில் முன்பு கையாளப்பட்ட முறையைப் பின்பற்றி, கிழக்குப் பிரிவில் முதலிடம் பெற்ற அணியும் மேற்குப் பிரிவில் முதலிடம் பெற்ற அணியும் அரையிறுதியிலேயே மோதின. இரண்டாம், மூன்றாம் இடங்களைப் பெற்ற அணிகள் தமக்குள் ஆடி மற்றோர் இறுதி ஆட்டக்காரரைத் தேர்ந்தெடுத்தன. இதனால் சிறந்த இரண்டு அணிகளுள் ஒன்று இறுதிச் சுற்றுக்கு முன்பே வெளியேறுவது உறுதியாயிற்று. 60 ஆட்டங்களில் 49 வெற்றி பெற்றிருந்த வாஷிங்டன் கேப்பிட்டல்ஸ் அணி, சிகாகோ ஸ்டாக்ஸ் அணியிடம் 2-4 என்று தோற்று வெளியேறியது. 35 வெற்றிகளே பெற்றிருந்த பிலடெல்பியா வாரியர்ஸ், இறுதிச் சுற்றில் சிகாகோவை 4-1 என்று வென்று 1947-இல் முதல் சாம்பியன் ஆனது. இந்த அமைப்பு 1949-இல் கைவிடப்பட்டது. அதே ஆண்டு ஆகஸ்டு 3 அன்று, போட்டி அமைப்பான தேசியக் கூடைப்பந்து லீக்குடன் சங்கம் இணைந்தது. இணைந்த அமைப்புக்கு என்.பி.ஏ. என்ற பெயர் வந்தது.

24 விநாடி விதி

தொடக்க ஆண்டுகளில் ஓங்கி நின்றது மினியாபொலிஸ் லேக்கர்ஸ். ஜார்ஜ் மைக்கன் என்ற உயரமான நடு ஆட்டக்காரரைக் கொண்டிருந்த அவ்வணி 1949 முதல் 1954 வரையிலான ஆறு பருவங்களில் ஐந்து முறை சாம்பியன் ஆனது. ஆனால் ஆட்டமே நோயுற்றிருந்தது. முன்னிலை பெற்ற அணி, பந்தை எறியாமல் கையில் வைத்துக்கொண்டே நேரத்தைக் கடத்தலாம். அதைத் தடுக்க விதி இல்லை. 1950 நவம்பர் 22 அன்று, மைக்கனைச் சமாளிக்க வேறு வழி காணாத போர்ட் வெய்ன் பிஸ்டன்ஸ் அணி பந்தைப் பிடித்தே வைத்திருந்து 19-18 என்ற கணக்கில் லேக்கர்ஸை வென்றது. என்.பி.ஏ. வரலாற்றில் மிகக் குறைந்த புள்ளிகள் எடுக்கப்பட்ட ஆட்டம் அதுவே.

பிளே-ஆப்பிலும் இதே நிலைதான். பந்தைப் பெற வேண்டுமானால் எதிராளியை வேண்டுமென்றே இடித்துத் தவறு செய்யவேண்டியிருந்தது. 1953 மார்ச்சில் பாஸ்டன் செல்டிக்ஸ், சிரக்யூஸ் நேஷனல்ஸ் அணிகளின் ஆட்டம் நான்கு கூடுதல் நேரங்கள் வரை நீண்டது. அதில் பாஸ்டனின் பாப் கூசி 50 புள்ளிகள் எடுத்தார். அவற்றுள் 30 புள்ளிகள், தவறுகளுக்காக வழங்கப்படும் தனி எறிவுகளில் கிடைத்தவை. பார்வையாளர்கள் சலிப்படைந்தனர்.

இதற்குத் தீர்வு கண்டவர் சிரக்யூஸ் அணியின் உரிமையாளர் டேனி பயசோன். அவரது கணக்கு ஒரு பள்ளி மாணவனுக்கும் விளங்கக்கூடியது. விறுவிறுப்பான ஆட்டங்களில் ஒவ்வோர் அணியும் ஏறத்தாழ 60 முறை, ஆக இரண்டு அணிகளும் சேர்ந்து 120 முறை கூடையை நோக்கி எறிகின்றன. ஆட்ட நேரம் 48 நிமிடம், அதாவது 2880 விநாடி. 2880-ஐ 120-ஆல் வகுத்தால் 24. எனவே பந்தைப் பெற்ற அணி 24 விநாடிகளுக்குள் எறிந்தாக வேண்டும் என்ற விதி 1954-55 பருவத்தில் நடைமுறைக்கு வந்தது. ஓர் அணி ஓர் ஆட்டத்தில் எடுக்கும் சராசரிப் புள்ளிகள் ஒரே ஆண்டில் 79-இலிருந்து 93-ஆக உயர்ந்தன.

அந்தப் பருவத்தின் சாம்பியன் பயசோனின் சிரக்யூஸ் அணியே. போர்ட் வெய்ன் அணிக்கு எதிரான ஏழாவது ஆட்டத்தில் 17 புள்ளிகள் பின்தங்கியிருந்து மீண்டு 92-91 என்று வென்றது. முன்னிலை பெற்ற அணி பந்தை ஒளித்துவைக்கும் பழைய காலமாக இருந்திருந்தால் அந்த மீட்சிக்கு இடமே இருந்திராது. அவ்வணியில் ஆடிய எர்ல் லாய்டு, ஜிம் டக்கர் இருவரும் என்.பி.ஏ. சாம்பியன் பட்டம் பெற்ற முதல் கறுப்பின வீரர்கள் ஆவர்.

பாஸ்டனின் பதின்மூன்று ஆண்டுகள்

1956-இல் பில் ரசல் பாஸ்டன் செல்டிக்ஸ் அணியில் சேர்ந்தார். அவர் ஆடிய 13 பருவங்களில் அவ்வணி 11 முறை சாம்பியன் ஆனது. 1959 முதல் 1966 வரை தொடர்ச்சியாக எட்டு முறை வென்றது. இந்தச் சாதனையை வேறெந்த என்.பி.ஏ. அணியும் நெருங்கவில்லை. ரசலின் வலிமை புள்ளி எடுப்பதில் இல்லை. எதிராளியின் எறிவைத் தடுப்பதிலும், கூடையில் பட்டுத் திரும்பும் பந்தைக் கைப்பற்றுவதிலும் இருந்தது.

அரங்குக்குள் பட்டம் வென்றவர்களுக்கு அரங்குக்கு வெளியே உணவு மறுக்கப்பட்டது. 1961-இல் கென்டக்கி மாநிலத்தின் லெக்சிங்டன் நகருக்கு ஒரு காட்சி ஆட்டத்துக்காகச் சென்றபோது, செல்டிக்ஸ் அணியின் கறுப்பின வீரர்களுக்கு விடுதியின் சிற்றுண்டிச் சாலையில் உணவு தர மறுத்தனர். ரசலும் சக கறுப்பின வீரர்களும் ஆட மறுத்து ஊர் திரும்பினர். அப்போது அவர்கள் நடப்புச் சாம்பியன்கள்.

1966-இல் ரசல், ஆடிக்கொண்டே பயிற்சியாளர் பொறுப்பையும் ஏற்றார். என்.பி.ஏ.வின் முதல் கறுப்பினத் தலைமைப் பயிற்சியாளர் அவரே. 1968 ஏப்ரல் 4 அன்று மார்ட்டின் லூதர் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார். பாஸ்டன், பிலடெல்பியா அணிகளின் கிழக்குப் பிரிவு இறுதித் தொடர் மறுநாளே தொடங்கவிருந்தது. இரு அணிகளின் முதன்மை வீரர்களில் பெரும்பாலோர் கறுப்பினத்தவர். ஆடுவதா வேண்டாமா என்று வீரர்கள் விவாதித்தனர். முடிவில் ஆட்டம் திட்டமிட்டபடி நடந்தது. வில்ட் சேம்பர்லினைக் கொண்ட பிலடெல்பியா அத்தொடரில் 3-1 என்று முன்னிலை பெற்றது. பாஸ்டன் அடுத்த மூன்று ஆட்டங்களையும் வென்று, பின்னர் சாம்பியன் பட்டத்தையும் பெற்றது.

1969-இல் பாஸ்டன் கிழக்குப் பிரிவில் நான்காம் இடத்தையே பிடித்திருந்தது. இறுதிச் சுற்றின் ஏழாவது ஆட்டம் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரில் நடைபெற்றது. லேக்கர்ஸ் வெல்லும் என்ற நம்பிக்கையில் அரங்கின் கூரையில் பலூன்களைக் கட்டிவைத்திருந்தனர். பாஸ்டன் 108-106 என்று வென்றது, பலூன்கள் இறங்கவில்லை. இறுதிச் சுற்றின் சிறந்த வீரர் விருது அவ்வாண்டுதான் முதன்முதலாக வழங்கப்பட்டது. அதைப் பெற்றவர் தோற்ற அணியின் ஜெர்ரி வெஸ்ட். தோற்ற அணியிலிருந்து அவ்விருதைப் பெற்றவர் இன்றுவரை அவர் ஒருவரே. 2009-இல் அவ்விருதுக்கு பில் ரசலின் பெயர் சூட்டப்பட்டது.

தொலைக்காட்சியும் விரிவாக்கமும்

1970-களின் முடிவில் என்.பி.ஏ. மக்கள் ஆதரவை இழந்திருந்தது. 1980 மே 16 அன்று லேக்கர்ஸ் அணியின் நட்சத்திரம் கரீம் அப்துல்-ஜப்பார் காயத்தால் ஆட முடியாத நிலையில், 20 வயதான மேஜிக் ஜான்சன் அவரிடத்தில் இறங்கி 42 புள்ளிகள் எடுத்துப் பட்டத்தை வென்று தந்தார். அந்த ஆட்டத்தைக்கூட அமெரிக்காவின் பெரும்பகுதியினர் நேரலையில் காணவில்லை. பதிவுசெய்து பின்னிரவில்தான் ஒளிபரப்பினர்.

ஜான்சனின் லேக்கர்ஸும் லாரி பேர்டின் பாஸ்டனும் 1984, 1985, 1987 ஆகிய ஆண்டுகளில் இறுதிச் சுற்றில் மோதியபோது நிலைமை மாறியது. அடுத்து மைக்கேல் ஜோர்டனின் சிகாகோ புல்ஸ் 1991-93, 1996-98 என இருமுறை மும்மூன்று பட்டங்கள் வென்று, இப்போட்டியை உலகெங்கும் அறியச் செய்தது.

1984 முதல் பிளே-ஆப்பில் 16 அணிகள் ஆடுகின்றன. தகுதிப் பட்டியலில் எட்டாம் இடம் பெற்ற அணி, முதலிடம் பெற்ற அணியுடன் முதல் சுற்றில் மோதும். ஐந்து ஆட்டங்கள் கொண்ட அச்சுற்றில் 1994-இல் டென்வர் நகெட்ஸ், சியாட்டில் அணியை 3-2 என்று வீழ்த்தியது. எட்டாம் இடத்து அணி ஒன்று முதலிடத்து அணியை வென்றது அதுவே முதன்முறை. 2003-இல் முதல் சுற்றும் ஏழு ஆட்டத் தொடராக நீட்டப்பட்டது. தொடர் நீளமானால் வலுவான அணிக்கு வாய்ப்பு கூடும். ஒளிபரப்பும் ஆட்டங்களும் கூடும்.

ஆனாலும் எதிர்பாராத முடிவுகள் நிற்கவில்லை. 2016-இல் 82 ஆட்டங்களில் 73 வெற்றி என்ற சாதனை படைத்த கோல்டன் ஸ்டேட் வாரியர்ஸ், இறுதிச் சுற்றிலும் 3-1 என்று முன்னிலை பெற்றது. லெப்ரான் ஜேம்ஸின் கிளீவ்லாந்து அணி மீதி மூன்று ஆட்டங்களையும் வென்றது. 3-0 என்ற நிலையிலிருந்து மட்டும் எந்த அணியும் இதுவரை மீண்டதில்லை.

2020: ஆட மறுத்த வீரர்கள்

கொரோனா தொற்றால் 2020 மார்ச் 11 அன்று பருவம் நிறுத்தப்பட்டது. சூலை இறுதியில், புளோரிடா மாநிலத்தின் ஆர்லாண்டோ அருகே உள்ள டிஸ்னி வளாகத்தில், வெளியுலகத் தொடர்பின்றிப் பார்வையாளர்கள் இல்லாமல் ஆட்டங்கள் மீண்டும் தொடங்கின.

ஆகஸ்டில் விஸ்கான்சின் மாநிலத்தின் கெனோஷா நகரில் ஜேக்கப் பிளேக் என்ற கறுப்பினத்தவரைக் காவலர் ஒருவர் சுட்டார். அதே மாநிலத்தைச் சேர்ந்த மில்வாக்கி பக்ஸ் அணி, ஆகஸ்டு 26 அன்று நடைபெறவிருந்த பிளே-ஆப் ஆட்டத்துக்குக் களமிறங்க மறுத்தது. அன்றைய மற்ற ஆட்டங்களும் நின்றன. அணிகளின் உரிமையில் உள்ள அரங்குகளைத் தேர்தலில் வாக்களிக்கும் இடங்களாக மாற்றுவது உள்ளிட்ட உடன்பாடு ஏற்பட்ட பின்னர், ஆகஸ்டு 29 அன்று போட்டிகள் தொடர்ந்தன. 1961-இல் லெக்சிங்டனிலிருந்து திரும்பிய சில வீரர்களின் மறுப்பு ஒரு காட்சி ஆட்டத்தோடு முடிந்தது. 59 ஆண்டுகளுக்குப் பின் அதே மறுப்பு லீக் முழுவதையும் மூன்று நாள்கள் நிறுத்தியது. அக்டோபர் 11 அன்று மயாமி அணியை வென்று லேக்கர்ஸ் சாம்பியன் ஆனது.

இன்றைய நிலை

2021 முதல், கிழக்கு, மேற்கு ஒவ்வொன்றிலும் முதல் ஆறு அணிகள் நேரடியாகத் தகுதி பெறுகின்றன. ஏழு முதல் பத்து வரையிலான இடங்களைப் பெற்ற அணிகள் தகுதிச் சுற்று ஆடி மீதி இரண்டு இடங்களை நிரப்புகின்றன. அந்த வழியில் வந்த மயாமி 2023-இல் இறுதிச் சுற்று வரை சென்று டென்வரிடம் தோற்றது. 2024-இல் பாஸ்டன் தனது 18-ஆவது பட்டத்தை வென்றது. இதுவே அதிக எண்ணிக்கை. 2025-இல் ஓக்லகோமா சிட்டி தண்டர், இந்தியானா பேசர்ஸ் அணியை ஏழாவது ஆட்டத்தில் வென்றது.

2019 முதல் 2025 வரை ஏழு ஆண்டுகளில் ஏழு வெவ்வேறு அணிகள் சாம்பியன் ஆகியுள்ளன. 2019-இல் வென்ற டொரண்டோ, அமெரிக்காவுக்கு வெளியிலிருந்து பட்டம் பெற்ற முதல் அணி. ஒரே அணி எட்டு ஆண்டுகள் தொடர்ந்து வென்ற காலத்தில் லீக்கில் எட்டு, ஒன்பது அணிகளே இருந்தன. இன்று 30 அணிகள் உள்ளன; பட்டம் பெற நான்கு சுற்றுகளில் 16 ஆட்டங்கள் வென்றாக வேண்டும். நீண்ட பருவம் முழுவதும் சிறந்து விளங்குவதா, இறுதி இரண்டு மாதங்களில் சிறந்து விளங்குவதா, எது உண்மையான தகுதி என்ற கேள்வி 1947-இல் வாஷிங்டன் அணி வெளியேறியபோதே எழுந்தது. என்.பி.ஏ. ஒவ்வொரு முறையும் விதியைத் திருத்தியதே தவிர, பட்டம் பிளே-ஆப் வெற்றிக்கே உரியது என்ற அடிப்படையை மட்டும் மாற்றவில்லை.