சொல்லும் அதிர்வும்: இசைநாடக அரங்கில் ராக் இசை

அமெரிக்க இசைநாடகம் சொல்லை முதன்மையாகக் கொண்டு வளர்ந்த கலையாகும். 1943இல் அரங்கேறிய ‘ஓக்லஹோமா’ முதலாக, பாட்டு கதையை முன்னே நடத்திச் செல்ல வேண்டும் என்பது அங்கு எழுதாத இலக்கணமாயிற்று. ஆஸ்கார் ஹாமர்ஸ்டைன் போன்ற பாட்டாசிரியர்கள், கடைசி வரிசையில் அமர்ந்தவரின் செவிக்கும் ஒவ்வோர் அசையும் எட்டுமாறு எழுதினர். இயைபு பிசகினால் குற்றமாகக் கொண்டனர். இத்தகைய அரங்கினுள் மின் கித்தாரும் முழவும் ஒலிபெருக்கியும் நுழைந்தபோது எழுந்த வினா இசையைப் பற்றியது மட்டுமன்று. பாட்டில் சொல்லுக்கு உரிய இடம் எது என்பதே அவ்வினா.

முதலில் ராக் இசை அங்கே நகைப்பொருளாகவே வந்தது. எல்விஸ் பிரெஸ்லி 1958இல் இராணுவத்தில் சேர்க்கப்பட்ட நிகழ்ச்சியை எள்ளி எழுதப்பட்ட ‘பை பை பேர்டி’ 1960இல் மேடையேறியது. இளையோரின் இசையை மூத்தோர் பார்த்துச் சிரித்த நாடகம் அது.

சிரிப்பு அடங்கியது 1967இல். அவ்வாண்டு அக்டோபர் 17ஆம் நாள், ஜோசப் பாப் நிறுவிய நியூயார்க் பப்ளிக் தியேட்டரில் ‘ஹேர்’ அரங்கேறியது. சொல் எழுதிய ஜெரோம் ராக்னி, ஜேம்ஸ் ராடோ இருவரும் நடிகர்கள். இசையமைத்த கால்ட் மக்டெர்மட், கனடாவின் மாண்ட்ரீலில் பிறந்து தென்னாப்பிரிக்காவின் கேப்டவுனில் இசை பயின்றவர். வியட்நாம் போருக்கு அழைக்கப்படும் ஓர் இளைஞனும் அவனைச் சூழ்ந்த தோழர் கூட்டமுமே கதை. 1968 ஏப்ரலில் டாம் ஓஹார்கன் இயக்கத்தில் பிராட்வேக்குச் சென்ற அந்நாடகம் 1,750 முறை நிகழ்ந்தது.

இதன் பாடல்கள் பல கதையை நகர்த்துவதில்லை. அவை பொருள்களை அடுக்குகின்றன, இல்லாதவற்றை அடுக்குகின்றன, விலக்கப்பட்ட சொற்களையும் அஞ்சாமல் அடுக்குகின்றன. இலக்கணம் கற்றோர் இதனைப் பாட்டாசிரியரின் இயலாமை என்றனர். அத்தீர்ப்பு முற்றும் பொருந்தாது. ராக் தாளம் திரும்பத் திரும்ப ஒரே இடத்தில் விழுவது. அதன்மேல் நுண்ணிய வாதம் நிற்பது அரிது, பெயர்வரிசை எளிதில் நிற்கும். மேலும் பிராட்வே வடிவில், ‘ஹேம்லெட்’ நாடகத்தில் மனிதனை வியக்கும் உரைநடைப் பகுதி ஒன்றையே மக்டெர்மட் பாட்டாக்கினார். செய்யுளுமன்று, இயைபுமில்லை, ஆயினும் பாடமுடிந்தது. ஷேக்ஸ்பியரின் சொல் ராக் இசையினுள் அழியாது நின்றதை அக்காலத் திறனாய்வாளர் போதிய அளவு கவனித்திலர்.

சொல்லின் மற்றொரு தடையும் அந்நாடகத்தை ஒட்டியே விலகியது. இங்கிலாந்தில் 1737 முதல் சட்டத்தின் வலிமையோடு நடைபெற்ற நாடகத் தணிக்கை 1968 செப்டம்பர் 26இல் முடிவுற்றது. மறுநாளே இலண்டனில் ‘ஹேர்’ அரங்கேறியது. அமெரிக்காவில் சட்டனூகா நகரம் தன் பொது அரங்கை அந்நாடகத்திற்குத் தர மறுத்தது செல்லாது என 1975இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

ஆண்ட்ரூ லாயிட் வெப்பர், டிம் ரைஸ் இருவரின் ‘ஜீசஸ் கிறைஸ்ட் சூப்பர்ஸ்டார்’ வேறு வழி கண்டது. 1970இல் அது இசைத்தட்டாகவே வெளிவந்தது. மேடை கண்டது 1971 அக்டோபரில்தான். அவையோரில் பலர் பாட்டை மனப்பாடமாகக் கொண்டே வந்து அமர்ந்தனர். இரைச்சலில் சொல் கேட்காது என்ற குறைக்கு இதைவிட எளிய மருந்து இல்லை. ஒலியமைப்பை ஏற்ற ஏப் ஜேக்கப், ஜிம்மி ஹெண்ட்ரிக்ஸ் போன்றோரின் நிகழ்ச்சிகளில் பழகியவர். ஒலியமைப்பாளர் என்னும் தனித்தொழில் பிராட்வேயில் வேரூன்றியது அவராலேயே எனலாம்.

பழைய மரபு தோற்றுவிடவில்லை. 1972இல் சிறந்த இசைநாடகத்திற்கான டோனி விருது மக்டெர்மட் இசையமைத்த ‘வெரோனாவின் இரு கனவான்கள்’ நாடகத்திற்குச் சென்றது. சிறந்த பாடலிசைக்கான விருதோ சொல்லை நகைபோல் இழைத்த ஸ்டீபன் சோண்ட்ஹைமின் ‘ஃபாலிஸ்’ நாடகத்திற்கு. ஓராண்டில் இரு தீர்ப்பு!

இவ்விரு நெறிகளையும் ஒன்றாக்க முனைந்தவர், சோண்ட்ஹைமிடம் அறிவுரை பெற்று வளர்ந்த ஜொனாதன் லார்சன். 1896இல் அரங்கேறிய புச்சினியின் ‘லா போஹேம்’ கதையை நியூயார்க்கின் ஏழைக் கலைஞரிடையே அமைத்து, காசநோய் இருந்த இடத்தில் எய்ட்ஸ் நோயை வைத்து, ‘ரென்ட்’ எழுதினார். உணவகத்தில் பரிமாறுபவராகப் பணியாற்றிக்கொண்டே பல ஆண்டுகள் எழுதிய நாடகம் அது. நெருங்கி விரையும் சொற்களும் ராக் தாளமும் அதில் ஒன்றையொன்று விழுங்காமல் செல்கின்றன. பின்னர் அது புலிட்சர் பரிசு பெற்றது. பிராட்வேயில் 2008 வரை 5,123 முறை நிகழ்ந்தது. லார்சன் அவற்றுள் ஒன்றையும் காணவில்லை. முதல் முன்காட்சிக்கு உரிய 1996 ஜனவரி 25ஆம் நாள் விடியலில், தம் 35ஆம் வயதில் இறந்தார். அன்றிரவு காட்சி நீக்கப்பட்டது. நடிகர்கள் அவருடைய உற்றார் முன்னிலையில் அமர்ந்தபடியே பாடினர். முதற்பகுதி முடிவதற்குள், அமர்ந்திருக்க இயலாது எழுந்து ஆடினர்.