நெல் குத்துதல்

நெல் குத்துதல் என்பது உரலும் உலக்கையும் கொண்டு நெல்லின் உமியை நீக்கி அரிசியாக்கும் வீட்டுப் பணியாகும். அரிசி ஆலைகள் பரவும் முன்னர், தமிழக நெல் விளையும் ஊர்களில் இது பெரும்பாலும் பெண்களின் அன்றாட வேலையாக இருந்தது.

செய்முறை

புழுங்கல் அரிசிக்கு நெல்லை ஊறவைத்து, அவித்து, வெயிலில் உலர்த்துவர். நெல்லைக் கடித்துப் பார்த்துப் பதம் அறிவர். ஈரம் மிகுந்தால் அரிசி நசுங்கும். அதிகம் காய்ந்தால் நொறுங்கும். பூண் கட்டிய உலக்கையால் ஒருவர் தனியாகவோ, இருவர் எதிரெதிரே நின்று மாறிமாறியோ குத்துவர். இருவர் குத்தும்போது உலக்கைகள் மோதாதிருக்கத் தாளம் தவறக்கூடாது. பின்னர் முறத்தால் புடைத்து உமியை நீக்குவர். அரிசியை மீண்டும் குத்தித் தீட்டும்போது தவிடு பிரியும்.

எதுவும் வீணாவதில்லை. உமி அடுப்பெரிக்கவும், அதன் கரி பல் துலக்கவும் பயன்பட்டன. தவிடு மாட்டுக்கும், நொய் கஞ்சிக்கும் ஆயின.

இலக்கியத்தில்

குத்தும்போது பெண்கள் பாடும் பாட்டு வள்ளைப்பாட்டு எனப்படும். கலித்தொகையின் குறிஞ்சிக்கலியிலும் சிலப்பதிகாரத்தின் வாழ்த்துக் காதையிலும் இவ்வகைப் பாடல்கள் உள்ளன.

ஆலைகளின் வருகை

இருபதாம் நூற்றாண்டில் அரிசி ஆலைகள் பெருகின. 1934-இல் காந்தி தொடங்கிய அகில இந்திய கிராமக் கைத்தொழில் சங்கம், தமிழரான ஜே. சி. குமரப்பாவைச் செயலாளராகக் கொண்டு, கைக்குத்தல் அரிசியை ஆதரித்தது. ஆலையில் நன்கு தீட்டிய அரிசியில் தவிட்டோடு தயமின் சத்தும் குறைவதும், கிராமத்தார் பிழைப்பை இழப்பதும் அதன் கவலைகளாக இருந்தன. அரிசி ஆலைகளை ஒழுங்குபடுத்த 1958-இல் மத்திய அரசு சட்டம் இயற்றியது. ஆயினும் ஆலைகளின் பரவல் நிற்கவில்லை.

இம்மாற்றத்தின் பயன் எல்லாப் பெண்களுக்கும் ஒன்றாக அமையவில்லை. சொந்த வீட்டுக்குக் குத்தியவர்களுக்குத் தோள்வலியும் கைக்காய்ப்பும் குறைந்தன. பிறர் வீட்டு நெல்லைக் கூலிக்குக் குத்திய ஏழைப் பெண்களுக்கோ வருவாயே நின்றுபோனது. வீட்டுக்குள் செய்தபோது வேலையாகவே எண்ணப்படாத இப்பணி, ஆலைக்குச் சென்றபின் கூலி கொடுத்துச் செய்விக்கும் தொழிலானது.

இன்று உரலும் உலக்கையும் சில சமூகங்களின் திருமணங்களில் மஞ்சள் இடிக்கும் சடங்குக்காக வெளியே எடுக்கப்படுகின்றன.